பெயரிலித் திங்கள்

லியோ சென்னையில் என்ன வேலை பார்க்கிறான் என்பது செம்பியநத்தத்தில் யாருக்கும் சரியாகத் தெரியாது. அவன் அப்பா பெரியநாயகசாமிக்கு மட்டும் பாதி தெரியும். "கம்ப்யூட்டர்ல அமெரிக்காக்காரனுக்கு ஊர் கட்டிக் குடுக்குறான்" என்று நீடாமங்கலம் கடைத்தெருவில் சொல்லிவைத்திருந்தார். கேட்டவர்கள் பையன் கட்டட காண்ட்ராக்டில் இருக்கிறான் போலும் என்று நினைத்து, கம்பி விலை இறங்குமா என்று விசாரித்தார்கள்.

அது இரண்டாயிரத்து ஏழாம் வருடம். அமெரிக்கர்களுக்குப் பதிலாகத் தொலைபேசி எடுக்க, அவர்களுடைய வரிக்கணக்கைப் பார்க்க, அவர்களுடைய டாக்டர்கள் முணுமுணுத்ததைத் தட்டச்சு செய்ய என்று சென்னையில் தெருவுக்குத் தெரு கம்பெனிகள் முளைத்திருந்தன. லியோ சேர்ந்த கம்பெனி ஒரு படி மேலே போய் அவர்களுக்குப் பதிலாகக் கனவு கண்டது. அமெரிக்கப் பிள்ளைகள் விளையாடும் கம்ப்யூட்டர் விளையாட்டு ஒன்றுக்காக வெர்மோரா என்ற உலகத்தை உண்டாக்கும் வேலை அங்கே நடந்தது. கும்பகோணத்தில் ஆங்கில இலக்கியம் படித்துவிட்டு மூன்று வருடம் வேலையில்லாமல் இருந்த லியோ, வெர்மோராவின் அரச வம்சங்களுக்குப் பெயர் வைத்தான். அங்குள்ள டிராகன்கள் காலையில் என்ன சாப்பிடும் என்று எழுதினான். சாராயக்கடைகளுக்கு விலைப்பட்டியல் போட்டான். சம்பளம் ஒழுங்காக வந்தது.

ஆகஸ்டில் ஒருநாள் அவனுடைய டீம் லீட் ஜெனிட்டா வந்து நின்றாள். தரங்கம்பாடிக்காரி, அதிகம் சிரிக்காதவள்.

"லியோ, வெர்மோராவுக்குக் காலண்டர் வேணுமாம். வெள்ளிக்கிழமைக்குள்ள குடு. அங்க ரெண்டு நிலா இருக்கு, மறந்துடாத."

"எதுக்கு ரெண்டு?"

"ஆர்ட்டிஸ்ட் ஒரு வெள்ளை, ஒரு சிவப்பு வரைஞ்சுட்டான். கிளையண்டுக்குப் பிடிச்சுப்போச்சு."

லியோ இரண்டு நாள் யோசித்தான். உள்ளதைச் சொன்னால் அவனுக்குக் கற்பனை குறைவு. நட்சத்திரம், கிரகம் ஒன்றும் அவனுக்குத் தெரியாது. அவனுக்குத் தெரிந்த வருடம் ஒன்றுதான். அது ஜனவரியிலும் பிறக்காது, சித்திரையிலும் பிறக்காது. ஆற்றில் தண்ணீர் வருகிற அன்று பிறக்கும். ஜூன் மாதம் மேட்டூரைத் திறப்பார்கள் என்பது பேச்சு. அவன் கல்லூரியில் இருந்த காலத்தில் அந்தப் பேச்சு மட்டும் தொடர்ந்து சில வருடம் வந்தது, தண்ணீர் வரவில்லை. அவன் அப்பா விதைநெல்லை வைத்துக்கொண்டு ஆற்றைப் பார்ப்பதும் ஆகாயத்தைப் பார்ப்பதுமாக இருந்தார்.

அதை அப்படியே வெர்மோராவில் இறக்கிவிட்டான். ஆற்றின் தலைப்பில் ஒரு மன்னன் இருக்கிறான். அவன் மதகைத் திறந்தால்தான் கீழே வருடம் பிறக்கும். திறக்காவிட்டால் பழைய வருடமே நீண்டுகொண்டு போகும். யாருக்கும் வயது ஏறாது. மாதங்களுக்கும் வயல்வேலைகளின் பெயர்தான். நீர்வரவை 'நீர்வாரா' என்றும், நாற்றை 'நாத்ரூன்' என்றும், வைக்கோலை 'வைக்கோலியன்' என்றும் ஆங்கிலத்தில் எழுதி மேலே ஒரு புள்ளி, பக்கத்தில் ஒரு கோடு போட்டான்.

ஜெனிட்டா அதைப் படித்தாள். 'வைக்கோலியன்' வந்த இடத்தில் நிறுத்தி அவன் முகத்தைப் பார்த்தாள். "வைக்கோலா?" என்றாள்.

"ஆமாம்."

"சரி விடு. அவங்களுக்கு எங்க தெரியப்போவுது."

கிளையண்ட் மயங்கிப்போனான். வைக்கோலியன் என்ற சொல்லில் பழங்காலக் காடுகளின் இசை கேட்கிறது என்று எழுதினான். கீழே இருப்பவர்களுக்குத் தண்ணீர் தராத மன்னன் என்ற கற்பனை இதுவரை எவருக்கும் தோன்றாதது என்றும் பாராட்டினான். ஒரே ஒரு திருத்தம் கேட்டான். டிசம்பர் கடைசியில் பிள்ளைகளுக்குக் கிறிஸ்துமஸ் விடுமுறை. அப்போதுதான் அவர்கள் நிறைய விளையாடுவார்கள், நிறைய வாங்குவார்கள். அந்த நாட்களில் வெர்மோராவில் சண்டை, சாபம், தடை எதுவும் கூடாது.

லியோ அதற்கும் வழி செய்தான். டிசம்பர் கடைசியில் சிவப்பு நிலா மறைந்துவிடும். அது திரும்பி வருகிறவரை உள்ள பதினைந்து நாட்கள் எந்த மாதத்திலும் சேராது, எந்தத் தெய்வத்துக்கும் கட்டுப்படாது. அந்த இடைவெளிக்குப் பெயரே கிடையாது. பெயரில்லாத காலத்தில் செய்த காரியத்துக்குத் தோஷம் இல்லை.

நவம்பரில் கல்லறைத் திருநாளுக்கு லியோ ஊருக்கு வந்தான். தாத்தாவின் கல்லறைக்குச் சுண்ணாம்பு அடித்து, பூப்போட்டு, மெழுகுவர்த்தி ஏற்றி முடித்த மறுநாள் அப்பா கூப்பிட்டார்.

"பஞ்சநதம் உன்னைப் பாக்கணுங்கிறாரு. வா, ஒரு எட்டு போயிட்டு வந்துடுவோம்."

பஞ்சநதம் அடுத்த தெரு. ஒருகாலத்தில் பெரிய மிராசு. இப்போது நிலம் சுருங்கிவிட்டது, மீசை மட்டும் அப்படியே இருந்தது. அவருடைய ஒரே மகள் ஷோபனாவுக்கு அமெரிக்க மாப்பிள்ளை அமைந்திருந்தது ஊருக்கே தெரியும். பெயர் அரவிந்தன், மன்னார்குடிப் பக்கத்துக் குடும்பம், நியூஜெர்சியில் வேலை. இனிப்புகூடக் கொடுத்தாயிற்று. அப்படிப்பட்ட வீட்டில் அன்று எழவு விழுந்த மாதிரி இருந்தது. பஞ்சநதத்தின் மனைவி தர்மாம்பாள் கண் வீங்கி உட்கார்ந்திருந்தாள். நாற்காலியில் திருவாரூர் ஜோசியர் தியாகேசன், விபூதியும் செல்போனுமாக.

"வாங்க சாமி, வாங்க தம்பி" என்றார் பஞ்சநதம். "தம்பி, நீங்க அமெரிக்காக்காரன்கிட்ட பழகுற ஆளு. இதுக்கு ஒரு வழி சொல்லுங்க. மாப்பிள்ளைக்கு டிசம்பர் கடைசியிலதான் லீவாம். இதை விட்டா ரெண்டு வருஷம் கழிச்சுத்தான் வர முடியுமாம்."

"நல்லதுதானே மாமா. டிசம்பர்லயே வச்சுருங்களேன்."

"டிசம்பர் கடைசின்னா மார்கழி தம்பி!" என்று தர்மாம்பாள் அழுகையைத் திரும்ப ஆரம்பித்தாள். "மார்கழியில எவளாவது கழுத்தை நீட்டுவாளா?"

தியாகேசன் கையை விரித்தார். "எங்க தாத்தா காலத்துலேருந்து மார்கழியில முகூர்த்தம் குறிச்சதில்ல. சாமிக்கே அது விடியக்காலம். என்னால ஆகாது."

"ரிஜிஸ்தர் ஆபீஸ்ல பண்ணிக்கிறோம்னு நான் சொன்னேன்" என்று உள்ளேயிருந்து ஷோபனா குரல் கொடுத்தாள். எம்.எஸ்சி. படித்த பெண், வாய் கொஞ்சம் நீளம். "அதுக்கு மார்கழியும் கிடையாது, ராகுகாலமும் கிடையாது. ஞாயித்துக்கிழமைதான் ஆகாது."

"சும்மா இரு. ஓடிப்போய்க் கட்டிக்கிட்டாள்னு ஊரு சொல்லும்" என்றார் பஞ்சநதம். பிறகு லியோவின் பக்கம் குனிந்து, மெதுவாக, ரகசியம் கேட்பதுபோலக் கேட்டார். "இந்தக் கம்ப்யூட்டர்ல எதாவது மாத்திப் போட முடியாதா தம்பி?"

அந்த நிமிடத்தில் லியோ வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். இருக்கவில்லை. வேலையைப் பற்றி ஊரில் பேச அவனுக்குக் கிடைத்த முதல் சந்தர்ப்பம் அது.

"எங்க உலகத்துல இந்தப் பிரச்சனையே இல்ல மாமா. நான் போட்ட காலண்டர்ல டிசம்பர் கடைசி எந்த மாசத்துலயும் சேராது. அதுக்குப் பேரே இல்ல. தோஷமும் இல்ல" என்று சிரித்துக்கொண்டே பையிலிருந்த அச்சுத்தாளை எடுத்துக் காட்டினான். அழுதுகொண்டிருந்த தர்மாம்பாளைத் தவிர எல்லோரும் சிரித்தார்கள். பெரியநாயகசாமி, தண்ணீர் வராத வருடம் வயது ஏறாது என்ற விதியைக் கேட்டு, "அப்படின்னா நான் இன்னும் இளந்தாரிதான்யா" என்றார்.

தியாகேசன் சிரிப்பை முதலில் நிறுத்தினார். தாளை வாங்கிக் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு எழுத்துக்கூட்டிப் படித்தார்.

"நாத்ரூன். நாற்று. வைக்கோலியன்... இது நம்ம வைக்கோல் இல்ல?"

"ஆமாங்க. சும்மா விளையாட்டுக்கு..."

"வெள்ளைக்காரன் உச்சரிப்புல இப்படி ஆயிருக்கு" என்று தியாகேசன் தமக்குத்தாமே சொல்லிக்கொண்டார். தாளை நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். "பாத்துட்டுத் தர்றேன் தம்பி."

லியோ சென்னைக்குத் திரும்பிச் சில நாட்களில் அப்பாவிடமிருந்து போன் வந்தது.

"ஷோபனா கல்யாணம் டிசம்பர்லயே நிச்சயமாயிருச்சுடா. மார்கழியே கிடையாதாம். ஜோசியர் கண்டுபிடிச்சுட்டாரு."

"என்னத்தக் கண்டுபிடிச்சாரு?"

"அவங்க வம்சத்துல சோழர் காலத்து ஓலை ஒண்ணு இருந்துச்சாம். காவிரிப் பஞ்சாங்கம்னு பேரு. பாதியைக் கரையான் தின்னுருச்சாம். மீதி இவருக்கு மனப்பாடமாம். அதுல அந்தப் பதினஞ்சு நாளும் பெயரிலித் திங்களாம். கல்யாணப் பத்திரிகையிலயே போட்டுருக்கு."

லியோவுக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. "அப்பா, அது நான் எழுதுனது. நீங்களும் அங்கதானே உக்காந்திருந்தீங்க?"

பெரியநாயகசாமி கொஞ்சம் யோசித்தார். "இருந்தேன். ஆனா நீ இங்கிலீஷ்ல வச்சிருந்தே. இவரு தமிழ்ல சொல்றாரு. கேட்டா நல்லாத்தான் இருக்கு."

விஷயம் பஞ்சநதம் வீட்டோடு நிற்கவில்லை. நீடாமங்கலத்தில் கல்யாண மண்டபம் வைத்திருந்த முருகையனுக்கு மார்கழி முழுக்க மண்டபத்தில் வௌவால்தான் குடியிருக்கும். அவர் தியாகேசனின் கண்டுபிடிப்பைக் கேட்டதும் பரவசமாகிவிட்டார். 'பெயரிலித் திங்களில் சோழ மன்னர்கள் மணம் புரிந்தனர்' என்று பெரிய பேனர் அடித்து மண்டபத்து வாசலில் கட்டினார். லண்டன் மாப்பிள்ளை, சிட்னி மாப்பிள்ளை என்று பிடித்து வைத்துக்கொண்டு தேதிக்குத் தவித்த பெற்றோர்கள் தியாகேசன் வீட்டுக்கு வந்து கியூவில் நின்றார்கள். எல்லா மாப்பிள்ளைகளுக்கும் கிறிஸ்துமஸுக்குத்தான் லீவு. எல்லோருக்கும் அதே பதினைந்து நாட்களில் சோழர்கள் அருள்புரிந்தார்கள்.

கிறிஸ்துமஸுக்கு வந்த லியோ ஷோபனா கல்யாணத்துக்கும் போனான். மண்டபம் நிரம்பியிருந்தது. மாலை மாற்றுவதற்கு முன்னால் தியாகேசன் மைக்கைப் பிடித்தார். வெண்மதி, செம்மதி என்று இரண்டு மதிகளை நம் முன்னோர் கணித்தார்கள் என்றார். செம்மதி என்பது வேறு எதுவுமில்லை, ராகுவே என்றார். செம்மதி மறையும் காலத்தில் ராகுவின் பார்வையே பூமியில் விழாது; அப்புறம் தோஷம் எங்கிருந்து வரும் என்று கேட்டார். கூட்டம் தலையாட்டியது. நாதஸ்வரக்காரர்கூடத் தலையாட்டினார்.

தான் உண்டாக்கிய பெயரில்லாத நாட்களைப் பற்றி ஐந்நூறு பேர் நடுவில் ஒலிபெருக்கியில் கேட்டபோது லியோவுக்குப் புல்லரித்தது. வெர்மோராவை எழுதி அவன் பெற்ற பாராட்டெல்லாம் மின்னஞ்சலில் வந்தவை. இங்கே மனிதர்கள் அவன் விதிப்படி நடந்தார்கள். நெல்லறுக்கக் காத்திருந்த விவசாயிகள் பந்தியில் அவனுடைய வருடப்பிறப்பைப் பற்றித்தான் பேசினார்கள். "தண்ணி வந்தாத்தான் வருஷம்னு எவ்வளவு கரெக்டா சொல்லியிருக்கான் பாரு சோழன்" என்றார் ஒருவர். "அப்ப அவன் காலத்துலயே மேல இருக்கிறவன் தொறக்க மாட்டான் போலருக்கு" என்றார் பக்கத்து இலைக்காரர், ரசத்துக்குக் குழி செய்துகொண்டே.

அந்தப் பெருமை அரவிந்தனைப் பார்க்கும்வரைதான் இருந்தது. மாப்பிள்ளை நல்ல பையன். பட்டுவேட்டி நழுவாமல் ஒரு கையால் பிடித்தபடி லியோவின் கையை இன்னொரு கையால் குலுக்கினான்.

"எவ்வளவு பெரிய நாகரிகம் பாருங்க. எல்லாத்தையும் இழந்துட்டோம். இந்தப் பஞ்சாங்கத்தைப் பத்தி எங்க ஊர் தமிழர் குழுவோட வெப்சைட்ல முழுசா எழுதப்போறேன். ஜோசியர் எல்லா மாசமும் சொல்லிட்டாரு."

"அரவிந்தன், உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். அந்தக் காலண்டரை நான்தான் எழுதினேன். ஒரு வீடியோ கேமுக்காக. ஆகஸ்ட்ல."

அரவிந்தன் அவனை இரக்கத்தோடு பார்த்தான். "உங்க ரத்தத்துலயே இருந்திருக்கு லியோ. நீங்க எழுதினதா நினைச்சுக்கிறீங்க."

பக்கத்தில் மாலையும் கழுத்துமாக நின்ற ஷோபனாவைப் பார்த்தான் லியோ. அவளாவது சொல்வாள் என்று நினைத்தான். அவளுக்கு எல்லாம் தெரியும். அவள் குனிந்த தலையை நிமிர்த்தாமல், உதடு அசையாமல் சொன்னாள்.

"லியோண்ணே, நாளான்னைக்கு எனக்கு விசா இன்டர்வியூ. பேசாம போய்ச் சாப்பிடுங்க."

லியோ சாப்பிடப் போகவில்லை. கைகழுவும் இடத்தில் தியாகேசனைப் பிடித்தான்.

"ஐயா, இது நியாயமா? செம்மதி எப்படிங்க ராகு ஆச்சு? அது ஆர்ட்டிஸ்ட் சும்மா வரைஞ்ச நிலா."

தியாகேசன் கோபப்படவில்லை. துண்டால் நிதானமாகக் கையைத் துடைத்தார்.

"தம்பி, அந்தப் பொண்ணு நாளைக்கு அழுதுகிட்டு நின்னா உங்களுக்குச் சந்தோஷமா? நீங்க எழுதினது கணக்கு. கணக்கை யாரு நம்புறா? அதுக்கு ஒரு ஓலை வேணும், கரையான் வேணும். அதை நான் போட்டேன்." கொஞ்சம் நிறுத்தி, "ஆனா கணக்கு சுத்தமா இருக்கு. உங்ககிட்ட விஷயம் இருக்கு தம்பி" என்று தோளில் தட்டிவிட்டுப் போனார்.

பொங்கல் கழிந்து லியோ வேலைக்குப் போன வாரத்தில் ஜெனிட்டா அவனைக் கண்ணாடி அறைக்குக் கூப்பிட்டாள். மேஜை நடுவில் இருந்த ஸ்பீக்கர் போனில் அமெரிக்காவிலிருந்து ஒரு வக்கீல் அம்மாள். குரல் மிக மிருதுவாக இருந்தது.

விளையாட்டு வெளியாகும் முன் பெயர்களையெல்லாம் இணையத்தில் தேடிப் பார்ப்பது அவர்கள் வழக்கமாம். தேடியதில் வெர்மோராவின் காலண்டர், மாதத்துக்கு மாதம் பிசகாமல், ஒரு தமிழர் குழுவின் இணையதளத்தில் இருக்கிறதாம். காவிரிக்கரைப் பூர்வகுடிகள் இரண்டாயிரம் ஆண்டுகளாகப் புனிதமாகப் பின்பற்றி வரும் நாட்காட்டியாம் அது. சென்ற மாதம்கூட அதன்படி திருமணங்கள் நடந்திருக்கின்றன, புகைப்படங்கள் இருக்கின்றன. இதை லியோ தன் சொந்தக் கற்பனை என்று எப்படிக் கையெழுத்திட்டுக் கொடுத்தார்?

"மேடம், அந்தப் பூர்வகுடி நான்தான்" என்றான் லியோ.

ஜெனிட்டா சட்டென்று போனை மியூட்டில் போட்டாள். "ஒழுங்கா பேசு. வேலை போயிடும்."

லியோ ஒழுங்காகப் பேசினான். தன் ஃபைலின் தேதியைப் பார்க்கச் சொன்னான், ஆகஸ்ட் மாதம். வக்கீல் அம்மாள் பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள். இரண்டாயிரம் ஆண்டு என்பது ஆகஸ்டுக்கு முந்தியது என்பதை அவன் கவனத்துக்குக் கொண்டுவந்தாள்.

"ஜெனிட்டா, நீங்களாவது சொல்லுங்க. நீங்கதானே கூட இருந்தீங்க. வைக்கோல்னு உங்களுக்குத் தெரியும்ல?"

ஜெனிட்டா போனைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள். அவளுக்குத் துரைப்பாக்கத்தில் ஒரு ஃப்ளாட் பாதி கட்டிய நிலையில் நின்றது. "அது தமிழ் வார்த்தைன்னு எனக்கு அப்ப தோணல" என்று ஆங்கிலத்தில் போனிடம் சொன்னாள்.

கடைசியில் வக்கீல் அம்மாளே ஒரு பெரிய மனது செய்தாள். காலண்டர் மிக அழகாக இருப்பதால் அதை எடுத்துவிட அவர்களுக்கு மனமில்லை. அந்தச் சமூகத்தின் மரியாதைக்குரிய பெரியவர் ஒருவர், இதை விளையாட்டில் பயன்படுத்த ஆட்சேபம் இல்லை என்று ஒப்புக்கொண்டால் போதும். இணையதளத்தில் ஒருவருடைய பெயர் இருக்கிறது. அவரைப் போய்ப் பார்த்து, மன்னிப்புக் கேட்டு, சம்மதம் வாங்கிவர லியோவால் முடியுமா?

தான் எழுதியதைத் தான் பயன்படுத்தத் தியாகேசனிடம் அனுமதி கேட்க லியோ திருவாரூருக்கு பஸ் ஏறினான். கும்பகோணம் தாண்டும்வரை என்னென்ன கேட்க வேண்டும் என்று மனதுக்குள் கத்திப் பார்த்துக்கொண்டே வந்தான். வெளியே அறுவடை மெஷின்கள் சம்பாவை விழுங்கிக்கொண்டிருந்தன. நியாயமாக அது அவனுடைய வைக்கோலியன் மாதம்.

தியாகேசன் வீட்டு மாடியில் 'காவிரி நாட்காட்டி ஆய்வு மையம்' என்று புதுப் பலகை தொங்கியது. உள்ளே ஏ.சி. ஓடியது. சுவரில் ஷோபனா கல்யாணப் படம், அரவிந்தனின் இணையக் கட்டுரை கண்ணாடிச் சட்டத்தில். லியோவைப் பார்த்ததும் தியாகேசன் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டார்.

"வாங்க தம்பி. நானே உங்களைத் தேடி வரணும்னு இருந்தேன். பங்குனிக்கு ஒரு துபாய் மாப்பிள்ளை. தேய்பிறை அஷ்டமி. உங்க புஸ்தகத்துல எதாவது வழி உண்டா?"

லியோ பஸ்ஸில் கத்திப் பார்த்ததையெல்லாம் ஒதுக்கிவிட்டுப் பையைக் கீழே வைத்தான். வந்த காரியத்தைச் சொன்னான். தியாகேசன் முழுவதையும் கேட்டார். அமெரிக்க வக்கீல் மன்னிப்புக் கேட்கச் சொன்ன இடம் வந்தபோது கண்ணை மூடி ரசித்தார்.

"மன்னிப்பெல்லாம் எதுக்கு தம்பி. நீங்க நம்ம பிள்ளை. சம்மதம் குடுத்துடலாம். ஒரே ஒரு விண்ணப்பம்."

"என்ன?"

"விளையாட்டு முடிஞ்சு பேரெல்லாம் ஓடும்ல, அதுல முதல்ல என் பேரு வரணும். ஆலோசகர்னு."

"என் பேரு?"

தியாகேசன் உண்மையாகவே அதைப் பற்றி யோசித்தார். "தட்டச்சுன்னு போட்டுக்கலாமே."

கம்பெனி ஒப்புக்கொண்டது. கம்பெனி அதற்கு மேலும் போனது. வக்கீல் அம்மாள் அந்த ஞானியோடு நேரடியாகப் பேச விரும்பினாள். வாரம் ஒருநாள் காலையில் கான்ஃபரன்ஸ் கால் ஏற்பாடாயிற்று. தியாகேசனுக்கு ஆங்கிலம் வராது. மொழிபெயர்க்க லியோ வாராவாரம் திருவாரூர் வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தான். முதல் நாளே கிளையண்ட், டிராகன்களைப் பற்றிக் காவிரி மரபு என்ன சொல்கிறது என்று கேட்டான்.

"என்ன கேக்குறான் தம்பி?"

"ரெக்கை வச்ச பாம்பு. நெருப்பைக் கக்கும். நம்மகிட்ட அது உண்டான்னு கேக்குறான்."

தியாகேசன் கண்ணாடியைக் கழற்றி நிதானமாகத் துடைத்தார். மறுமுனையில் எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார்கள். பிறகு ஸ்பீக்கரைக் கையால் பொத்திக்கொண்டு, "உண்டுன்னு சொல்லுங்க. அது என்ன திங்கும்னு நீங்களே சொல்லிக்குங்க, உங்களுக்குத்தான் நல்லா வரும்" என்றார்.

லியோ சொன்னான். அவன் முன்பு எழுதிய அதே டிராகன், அதே காலைச் சாப்பாடு. அப்போது வேண்டாம் என்று தள்ளியவர்கள் இப்போது குறிப்பெடுத்துக்கொண்டார்கள். தன் வாக்கியங்களுக்கு முன்னால் "அவர் சொல்கிறார்" என்று சேர்த்தால் எவ்வளவு சுலபமாக ஏற்கிறார்கள் என்பதைப் பார்த்து முதலில் அவனுக்கு வயிறு எரிந்தது. அடுத்தடுத்த வாரங்களில் அந்த எரிச்சல் அடங்கி, ஒருவிதமான சோம்பல் வந்தது. தியாகேசன் தூங்கிவிட்ட நாட்களில்கூட லியோ தடையில்லாமல் மொழிபெயர்த்துக்கொண்டிருந்தான்.

விளையாட்டு நன்றாக விற்றது. லியோவுக்குச் சம்பளம் ஏறியது. ஜெனிட்டா தன் ஃப்ளாட்டின் கிருகப்பிரவேசத்துக்கு அவனைக் கூப்பிட்டாள். அவன் போனான், சுவர்க்கடிகாரம் ஒன்று கொடுத்தான், இருவரும் அந்த வக்கீல் போனைப் பற்றிப் பேசவேயில்லை. ஷோபனா நியூஜெர்சியிலிருந்து மின்னஞ்சல் அனுப்பினாள். அங்கே தமிழர் குழுவில் அவளைப் பெயரிலித் திங்கள் பற்றிச் சொற்பொழிவு செய்யச் சொல்கிறார்களாம். 'நீங்க எழுதினதுல கடைசிப் பக்கம் என்கிட்ட இல்லைண்ணே, ஸ்கேன் பண்ணி அனுப்புங்க' என்று கேட்டிருந்தாள். அனுப்பினான்.

அடுத்த வருடம் செப்டம்பரில், வேளாங்கண்ணித் திருவிழா முடிந்த கையோடு அவன் ஊருக்கு வந்திருந்தபோது, அம்மா இருதயம்மாள் காபியை வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள். அப்பா எங்கோ பார்த்துக்கொண்டு நின்றார். பேச்சை யார் தொடங்குவது என்று இருவரும் முன்பே முடிவு செய்திருக்க வேண்டும்.

"பூண்டிப் பக்கத்துல ஒரு பொண்ணு. எல்சின்னு பேரு. குவைத்துல நர்ஸ். உன் போட்டோ பாத்துட்டுச் சம்மதம்னு சொல்லிருச்சு."

"சரிம்மா."

"மார்ச்சு மாசந்தான் லீவாம் அதுக்கு."

"சரி, மார்ச்சுலயே வைங்க."

"மார்ச்சு தவக்காலம்டா, ஈஸ்டர் வரைக்கும் நோன்பு. தவக்காலத்துல கல்யாணம் மந்திரிக்க மாட்டேன்னு சாமியாரு கண்டிப்பா சொல்லிட்டாரு." இருதயம்மாள் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துக்கொண்டாள். "உன் காலண்டர்ல அதுக்கு எதாவது வழி இருக்கா?"

லியோ டம்ளரைக் கீழே வைத்தான். "அம்மா, அது பொய்ம்மா. நானா உக்காந்து எழுதினது. உங்களுக்குமா தெரியாது?"

"பஞ்சநதம் மக பொய்யாவா அமெரிக்காவுல இருக்கு? மாசமா இருக்காம், தெரியுமா உனக்கு?"

அவன் அப்பாவைப் பார்த்தான். பெரியநாயகசாமி தொண்டையைச் செருமிக்கொண்டார். "சாமியாரு படிச்சவரு. ஓலை, கரையானெல்லாம் அவருகிட்ட எடுபடாது. நாலு வார்த்தை லத்தீன் சேத்து எழுது" என்றார்.

லியோவுக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. கத்தியும் பார்த்தான், வாயிலிருந்து சத்தம் பெரிதாக வரவில்லை. எழுந்து வாசல்வரை போய்த் தெருவைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தான். காபி ஆறிப்போயிருந்தது. அதை ஒரே மடக்கில் குடித்தான்.

"எல்சிக்கு லீவு என்னிக்கு ஆரம்பிக்குதாம்?" என்று கேட்டான்.